வீட்டின் மெய்விலை

வீட்டைக் கட்டிப் பார், கல்யாணத்தைப் பண்ணிப் பார் என்று நம் முன்னோர் சொல்லி வைத்தனர். இவ்விரண்டிலும் கைப்பொருள் கரையும் என்பது அதன் கருத்து. ஆனால் அக்காலத்தில் கரைந்த பொருள் எவ்வளவு என்பது வேலை முடிந்த மறுநாளே தெரிந்துவிடும். கொத்தனாருக்கு இவ்வளவு, செங்கலுக்கு இவ்வளவு, கதவு நிலைக்கு இவ்வளவு என்று பழைய நாட்குறிப்பேட்டின் பின்பக்கத்தில் எழுதிக் கூட்டிவிடலாம். இன்று கடனில் வீடு வாங்குவோர்க்கு அந்த மறுநாள் வருவதேயில்லை. வீட்டின் விலை என்ன என்று வினவினால் விற்றவர் சொன்ன தொகையைச் சொல்கின்றனர். அன்றேல் மாதம் இவ்வளவு கட்டுகிறோம் என்கின்றனர். இவ்விரண்டும் விலையல்ல என்பதே ஈண்டு நாம் சொல்ல விழைவது.

தமிழ்த்துறை மலரில் வட்டிக் கணக்கு எதற்கு என்று நம் மாணவர் கேட்கக்கூடும். நமக்குக் கணக்கு வராது என்பதும் உண்மையே; பள்ளியில் கூட்டுவட்டிப் பாடம் நடந்த நாள்களில் நமக்குத் தவறாமல் தலைவலி வந்தது. ஆயினும் நம்மிடம் பயின்றோருள் பலர், பட்டம் பெற்றுச் சில ஆண்டுகளுக்குள் தொழிற்சாலையிலோ அலுவலகத்திலோ சேர்ந்து, மணமுடித்து, வீட்டுக்கடன் ஒப்பந்தத்தில் கையெழுத்திடுகின்றனர். அவர்தம் வாழ்நாளில் கையெழுத்திடும் மிகப் பெரிய பனுவல் அதுவே. சங்கப் பாடலுக்குத் துறை கண்டு திணை கண்டு உரை சொல்லும் நாம், பக்கந்தோறும் கையெழுத்து வாங்கும் அப்பனுவலுக்கு உரை சொல்லாது விடுதல் முறையாகுமா?

மூக்கண்டப்பள்ளியை அறியாதார் ஒசூர்ப் பக்கம் வாராதார் எனலாம். பெங்களூரு நெடுஞ்சாலையை ஒட்டிய ஊர். 1970களில் சிப்காட் தொழிற்பேட்டை இப்பகுதியிற் கால்கொண்டது. 1980களில் சரக்குந்தும் மொபெட்டும் கைக்கடிகாரமும் ஒசூரின் பெயரை நாடெங்கும் கொண்டு சென்றன. சிறிது தொலைவில் ஜூஜூவாடி. அதனைக் கடந்தால் அத்திப்பள்ளி, கருநாடகம். ஒரே தேநீர்க்கடையில் தமிழும் தெலுங்கும் கன்னடமும் உருதும் கேட்கும். மூன்று வேளைப் பணிமாற்றத்துக்கும் பேருந்துகள் ஓடுகின்றன. வேலை தேடி வந்த முதல் தலைமுறை வரிசை வீடுகளில் வாடகைக்கு இருந்தது. அதன் பிள்ளைகள் சொந்த வீடு கேட்கின்றனர். எல்லைக்கு அப்பால் பெங்களூரில் மனை விலை ஏற ஏற, அதன் அலை இப்பக்கமும் அடிக்கிறது. 2019-இல் ஒசூர் மாநகராட்சியான பின்னர் அவ்வலை தணியவில்லை. சாலையோரப் பலகைகளெல்லாம் ஒன்றையே கூறுகின்றன: வாடகை கொடுக்கும் காசில் சொந்த வீடு. எத்தனை ஆண்டுக்கு அந்தக் காசு என்பதை எந்தப் பலகையும் கூறக் காணோம்.

ஈட்டுக்கடன் நமக்குப் புதிதன்று. ஈடு, ஒற்றி, கொதுவை, போக்கியம், அடைமானம் என இதற்குத் தமிழில் வழங்கும் சொற்களே பல. இவற்றுள் ஒற்றி என்பது கருதத்தக்கது. நிலத்தையோ வீட்டையோ கடன் கொடுத்தவன் கையில் ஒப்படைப்பர். அவன் அதன் பயனைத் துய்ப்பான். அதுவே வட்டிக்கு ஈடு. வாங்கிய தொகையைத் திருப்பினால் பொருள் மீளும். ஒசூரிலும் பெங்களூரிலும் போக்கியத்துக்கு வீடு விடும் வழக்கம் இன்றும் உண்டு. குடியிருப்போர் ஒரு பெருந்தொகை கொடுத்து வாடகையின்றி இருப்பர், வெளியேறும்போது அத்தொகை திரும்பும். இதிலும் இழப்பு உண்டு, ஏமாற்றும் உண்டு. எனினும் பத்தாண்டு கழித்தும் கடன் எவ்வளவு என்று கேட்டால் இரு தரப்பாரும் ஒரே தொகையைச் சொல்வர்.

இக்காலத்து வீட்டுக்கடனின் சட்ட உருவம் வேறு. உரிமைப் பத்திரங்களை ஒப்படைத்துக் கடன் பெறும் முறையை 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றச் சட்டம், கல்கத்தா, சென்னை, பம்பாய் முதலிய வணிக நகரங்களுக்கும் அரசு அறிவிக்கும் பிற நகரங்களுக்கும் என வரையறுத்து ஏற்றது. வணிகர் விரைவாகப் பணம் பெறுதற்கு அமைந்த அவ்வழி, 1977-இல் எச்.டி.எஃப்.சி. தோன்றி, 1988-இல் தேசிய வீட்டுவசதி வங்கி அமைந்த பின், மாதச் சம்பளக்காரரின் வழியாகப் பரவலாயிற்று. வீட்டில் நாம் இருக்கிறோம். பத்திரம் வங்கியில் இருக்கிறது. வட்டி இரண்டுக்கும் நடுவே நாள்தோறும் நடக்கிறது.

இனிக் கணக்குக்கு வருவோம். 30 இலட்ச ரூபாய்க் கடன், ஆண்டுக்கு 9 விழுக்காடு வட்டி, 20 ஆண்டுத் தவணை என்று கொள்வோம். மாதம் கட்ட வேண்டியது 26,992 ரூபாய். 240 மாதம் கட்டி முடித்தால் மொத்தம் ஏறத்தாழ 64 இலட்சத்து 78 ஆயிரம். வாங்கியது 30, வட்டியாகப் போனது 34 இலட்சத்து 78 ஆயிரம். ஒரு வீடு நமக்கு வாங்கினோம். அதனினும் சற்றுப் பெரிய வீடொன்று வங்கிக்கு வாங்கிக் கொடுத்தோம்.

இம்மொத்தத் தொகையைக் கேட்டுத் திடுக்கிடுவோர் பலர். ஆனால் அதனினும் கருதத்தக்கது, அத்தொகை கழியும் முறை. முதல் மாதத் தவணையில் வட்டி 22,500. அசலிற் கழிவது 4,492 மட்டுமே. ஐந்தாண்டு தவறாமல் கட்டியவர் 16 இலட்சத்துக்கு மேல் கட்டியிருப்பார். அவர் கடனிற் குறைந்தது 3 இலட்சத்து 39 ஆயிரம். பத்தாண்டு முடிவில் 32 இலட்சத்துக்கு மேல் கட்டியிருப்பார். அதாவது வாங்கியதைவிட மிகுதியாகவே கொடுத்திருப்பார். அன்றும் அவர் தரவேண்டிய அசல் 21 இலட்சத்து 31 ஆயிரம். காலத்திற் பாதி சென்றது, கடனிற் பாதி செல்லவில்லை. பாதிக் கடன் தீர 14 ஆண்டு வேண்டும். தவணையில் அசற்பங்கு வட்டிப்பங்கை விஞ்சுவதே பன்னிரண்டு ஆண்டு கடந்த பின்னர்தான்.

இதிற் சூது ஏதும் இல்லை என்று நம் வணிகவியல் துறை நண்பர் விளக்கினார். நிலுவையில் உள்ள அசலுக்கு மட்டுமே வட்டி. தொடக்கத்தில் அசல் பெரிது, ஆதலின் வட்டியும் பெரிது. கணக்கு நேர்மையானதே. அதை நாம் மறுக்கவில்லை. கடன் கொடுக்கும் நாளில் இந்த அட்டவணையை விரித்து வைத்து இன்ன ஆண்டில் இன்ன நிலுவை என்று விளக்குவோர் அரியர் என்பதே நம் குறை. விற்பனைக்கு வருபவர் தவணையை எப்படிச் சிறிதாக்கலாம் என்றுதான் கூறுவார். தவணையைச் சிறிதாக்கும் வழி காலத்தைப் பெரிதாக்குவதே. இதே கடனை 15 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 30,428. மாதம் 3,436 கூடுதல். ஆயின் மொத்த வட்டியில் 10 இலட்சம் மிச்சம். மாதம் மூவாயிரத்துச் சொச்சம் குறைகிறதே என்று மகிழ்ந்து இருபதாண்டைத் தேர்பவர், அம்மகிழ்ச்சிக்குப் பத்து இலட்சம் கொடுக்கிறார்.

இக்கணக்கை நாம் கற்க நேர்ந்த கதையையும் சொல்லிவிடுதல் நன்று. நம் மனைவியின் தம்பி மூக்கண்டப்பள்ளியில் ஓர் ஆலையில் நிரந்தரத் தொழிலாளி. 2022-ஆம் ஆண்டுத் தொடக்கத்தில், தம் 38-ஆம் வயதில், 30 இலட்சம் கடன் பெற்றார். அப்போது வட்டி 6.75 விழுக்காடு, தவணை 22,811 ரூபாய். 58-இல் ஓய்வு பெறும்போது கடனும் ஓய்வு பெறும் என்று கணக்கிட்டிருந்தார். அடுத்த ஆண்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை வங்கித் தாளொன்றைக் கையிற் பிடித்துக்கொண்டு வந்தார்.

"மச்சான், மாதம் தவறாமல் கட்டுகிறேன். கடன் அப்படியே நிற்கிறதே! எழுத்துப் பிழையா என்று பாருங்கள்."

தமிழாசிரியரிடம் அவர் வேறு என்ன கேட்பார்? எழுத்துப் பிழை இல்லை. 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் இந்திய ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4 விழுக்காட்டிலிருந்து 6.5 விழுக்காடாக உயர்த்தியிருந்தது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் இத்தகைய வெளி அளவுகோல் ஒன்றோடு பிணைக்கப்பட்டவை. அளவுகோல் ஏறினால் கடன் வட்டியும் ஏறும். அவர் வட்டி 9.25 ஆகியிருந்தது. அவருக்குக் கடன் கொடுத்தவர்கள் தவணையைத் தொடவில்லை. காலத்தை நீட்டிக்கொண்டே போயினர். குறுஞ்செய்தி வந்ததாம், ஆங்கிலத்தில். ஆலைக்குள் கைப்பேசிக்கு இடமில்லை, இரவு வீட்டுக்கு வந்தபின் அதைப் படிக்கத் தோன்றவில்லை.

வணிகவியல் நண்பர் தாளும் பேனாவும் எடுத்தார். கணக்கை எளிதாக்க, முதல் ஓராண்டு முழுதும் பழைய வட்டியே என்று கொண்டார். நிலுவை 29 இலட்சத்து 27 ஆயிரம். அதற்கு 9.25 விழுக்காட்டில் ஒரு மாத வட்டி மட்டும் 22,559. கட்டுவது 22,811. அசலிற் கழிவது 252 ரூபாய்! இந்நடையில் கடன் தீர இன்னும் 49 ஆண்டு ஆகும். மைத்துனருக்கு அப்போது 88 வயது நடக்கும். நண்பர் எழுதிய தாளை அவர் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "கொள்ளுப் பேரன் வந்து பத்திரத்தை வாங்கிக்கொள்வான்" என்றார். நம் வீட்டில் அன்று எவரும் சிரிக்கவில்லை.

பின்னர் வங்கிக்குச் சென்று, காலத்தை மீண்டும் 19 ஆண்டாக்கித் தவணையை 27,299 ஆக உயர்த்திக்கொண்டார். முதலில் அவர் மனத்தில் இருந்த மொத்தத் தொகை 54 இலட்சத்து 75 ஆயிரம். இப்போது அது ஏறத்தாழ 65 இலட்சம். வீட்டின் சுவர் ஓரங்குலமும் வளரவில்லை. விலை மட்டும் பத்து இலட்சம் வளர்ந்தது. கையெழுத்திட்ட பின்னும் வளரும் விலையை விலை என்று சொல்லுதல் பொருந்துமா என்பது மொழியறிந்தோர் எண்ண வேண்டிய வினா.

சில்லறைச் செலவுகள் பல உள. தமிழ்நாட்டில் கிரயப் பதிவுக்கு முத்திரைத் தீர்வை 7 விழுக்காடு, பதிவுக் கட்டணம் 2 விழுக்காடு என 2023-இல் வகுக்கப்பட்டது. இதை வீட்டின் விலையோடு சேர்த்துச் சொல்வோர் அரியர். பத்திரம் ஒப்படைத்ததைப் பதியவும், வழக்கறிஞர் கருத்துக்கும், மதிப்பீட்டாளர்க்கும் தனித்தனியே கட்டணம். இவற்றுள் நாம் நின்று பார்க்க வேண்டியது காப்புறுதித் தொகை. கடனாளி இறந்தால் கடன் தீரும் என்று ஒரு முழுத் தவணைக் காப்பீட்டை விற்று, அதன் தொகையைக் கடனிலேயே சேர்த்துவிடுவதுண்டு. 60,000 ரூபாய்க் காப்பீடு அவ்வாறு 9 விழுக்காட்டில் 20 ஆண்டுக் கடனுக்குள் புகுந்தால், கொடுத்து முடிப்பது ஏறத்தாழ 1 இலட்சத்து 30 ஆயிரம். காப்பீடு வேண்டும், அதைக் கடனில் வாங்க வேண்டா.

வாங்கியதில் இரு மடங்கு என்னும் அளவு நம் மண்ணில் ஒரு காலத்துச் சட்டமாகவே இருந்தது என்பதை இளைஞர் அறிதல் வேண்டும். ஒசூரை அடுத்த தொரப்பள்ளியில் 1878-இல் பிறந்தவர் இராஜாஜி. அவர் சென்னை மாகாணத்தின் முதலமைச்சராய் இருந்தபோது, 1938-இல், உழவர் கடன் நிவாரணச் சட்டம் வந்தது. பொருளாதாரப் பெருமந்தத்தால் விளைபொருள் விலை வீழ்ந்து, வட்டிமேல் வட்டியாய்க் கடன் ஏறி, நிலங்கள் கைமாறிக்கொண்டிருந்த காலம் அது. 1932 அக்டோபருக்கு முன் பட்ட கடனுக்கு, உழவர் ஒருவர் வட்டியாகவோ அசலாகவோ இரண்டுமாகவோ அசலின் இரு மடங்கு கொடுத்திருந்தால், அக்கடன் முழுதும் தீர்ந்ததாகவே கொள்ளப்படும் என்று அச்சட்டம் கூறிற்று. கடன் கொடுத்தோர் கொதித்தனர். ஆயினும் ஒரு கடனுக்கு எங்கே முற்றுப்புள்ளி என்னும் வினாவுக்கு அரசு ஓர் எண்ணால் விடை சொன்னது.

அவ்வெண்ணை நம் 30 இலட்சக் கடனுக்கு வெறும் அளவுகோலாக வைத்துப் பார்த்தோம். 223-ஆவது தவணையில், அதாவது 18 ஆண்டு 7 மாதத்தில், கொடுத்தது இரு மடங்கைத் தாண்டுகிறது. அதன் பின்னும் 17 தவணை எஞ்சியிருக்கின்றன. அச்சட்டம் இன்றைய வீட்டுக்கடனைத் தொடாது. தொட வேண்டும் என்று நாம் வாதிடவும் இல்லை. ஒரு தலைமுறை அநீதியின் எல்லை என்று வகுத்த கோட்டை, நாம் ஒழுங்காகக் கட்டியே, அபராதம் ஏதுமின்றியே, அமைதியாகக் கடந்து செல்கிறோம் என்பதைக் காட்டவே இதைச் சொன்னோம்.

மறுபக்கமும் உண்டு. நண்பர் அதையும் விடாமல் எடுத்துரைத்தார். இருபதாண்டு கழித்துக் கொடுக்கும் 26,992 ரூபாய் இன்றைய மதிப்பில் அவ்வளவு பெரிதன்று. விலைவாசி அதைத் தேய்த்துவிடும். வாடகைக்கு இருப்பவரும் அவ்விருபது ஆண்டில் ஒரு பெருந்தொகை கொடுத்திருப்பார், அவர் கையில் ஒரு கல்லும் எஞ்சாது. மனை விலை ஏறுதலும் உண்டு. இவை மெய்யே. ஆனால் இவ்வாதம் எல்லாம் ஒன்றைக் கொண்டு நிற்கிறது: கடனாளியின் ஊதியம் இருபதாண்டும் நிற்காமல் ஏற வேண்டும். நம் கல்லூரியில் அரசு ஊதியம் பெறும் ஆசிரியர்க்கு அது பொருந்தும். மூக்கண்டப்பள்ளியில் காலைப் பணிக்குப் பேருந்து ஏறுவோருள் பயிற்சியாளர் எத்தனை பேர், ஒப்பந்தத் தொழிலாளர் எத்தனை பேர்! ஆண்டுக்கு ஆண்டு ஒப்பந்தம் புதுப்பிக்கப்படுமா என்று அறியாதவர், இருபதாண்டு ஒப்பந்தத்தில் கையெழுத்திடுகிறார். தவணை தவறி நிலுவை வாராக்கடன் ஆகிவிட்டால், 2002-ஆம் ஆண்டுச் சர்ஃபாசிச் சட்டப்படி நீதிமன்ற வழக்கின்றியே வீட்டைக் கைப்பற்றி விற்கும் அதிகாரம் வங்கிக்கு உண்டு. முன்னவர்க்கு வட்டி ஒரு செலவு. பின்னவர்க்கு அது ஒரு பணயம்.

வட்டியே விலக்கு என்னும் நெறியில் வளர்ந்த குடும்பங்கள் நம்மிடையே பல. உடன்பிறந்தார் சேர்ந்து மனை வாங்கிச் சிறுகச் சிறுகக் கட்டுவோரை நாம் அறிவோம். வேறு வழியின்றி வங்கிக்குச் சென்று அதைப் பேசவும் கூசுவோரையும் அறிவோம். மலேசியா, பிரித்தானியா முதலிய நாடுகளில் வங்கியும் வாங்குவோரும் பங்காளராய் நின்று, வங்கியின் பங்கைச் சிறிது சிறிதாக வாங்கும் முறை உண்டு. இந்தியாவில் வட்டியில்லா வங்கிப் பிரிவு பற்றிய முன்மொழிவை மேற்கொண்டு எடுத்துச் செல்வதில்லை என 2017-இல் ரிசர்வ் வங்கி தெரிவித்தது. நெறி பற்றிய விவாதத்தை அறிஞர்க்கு விடுவோம். பேசக் கூசுவதால் கணக்குப் பார்க்காமல் இருப்பது மட்டும் எந்த நெறியும் கேட்டதன்று என்பது நம் கருத்து.

கேட்டுப் பெற வேண்டியவை சில உள. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இட்ட ஆணைப்படி, வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் செய்வதா என்பதைக் கடனாளியே தேர்ந்துகொள்ள வாய்ப்பளித்தல் வேண்டும். 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு எல்லாக் கட்டணமும் சேர்ந்த ஆண்டு வட்டி வீதத்தையும், தவணைதோறும் அசலும் வட்டியும் கழியும் அட்டவணையையும் கொண்ட முதன்மை விவரத் தாள், கடனாளிக்குப் புரியும் மொழியில் தரப்படல் வேண்டும். புரியும் மொழி என்றால் நமக்குத் தமிழ், தயங்காது கேட்கலாம். மாறும் வட்டியில் தனியாள் பெற்ற வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் விதித்தல் கூடாது என்பது பல ஆண்டாகவே உள்ள விதி. கடன் தீர்ந்து 30 நாளில் பத்திரங்கள் திரும்பாவிடின், தாமதம் கடன் கொடுத்தவருடையதாயின், நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தரவேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் நடப்பில் வந்தது.

இவற்றுள் முன்கூட்டி அடைத்தலின் பயனை நம்மவர் உணரவில்லை. முன்னே சொன்ன 9 விழுக்காட்டுக் கடனில் ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால், இருபதாண்டுக் கடன் ஏறத்தாழ பதினாறரை ஆண்டில் தீரும். தொடக்க ஆண்டுகளிற் கட்டும் ஒரு ரூபாய் இறுதி ஆண்டுகளின் பல ரூபாயைத் தின்றுவிடுகிறது. போனசு வந்ததும் தொலைக்காட்சிப் பெட்டியை மாற்றுவோர் இதைச் சற்று எண்ணலாம்.

2025-இல் ரெப்போ வட்டி படிப்படியாய் இறங்கி, டிசம்பரில் 5.25 விழுக்காடாயிற்று. தவணையைக் குறைத்துத் தரவா என்று மைத்துனரிடம் வங்கியிற் கேட்டனராம். வேண்டா, தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள் என்று சொல்லி வந்திருக்கிறார். ஆயுத பூசைக்கு ஆலையில் கொடுத்த போனசும் நேரே கடனுக்குச் சென்றது. நம் மனைவிக்கு வழக்கமாக வரும் சேலை அவ்வாண்டு வரவில்லை. அலமாரிக் கதவின் உட்புறம் நண்பர் எழுதிக் கொடுத்த அட்டவணை ஒட்டப்பட்டிருக்கிறது. மாதந்தோறும் ஒரு வரியைச் சிவப்பு மையால் அடிக்கும் வேலை அவர் மகளுடையது. ஆறாம் வகுப்புப் படிக்கும் அச்சிறுமி போன முறை நம்மிடம் கேட்டாள்: "மாமு, கடைசி வரிக்கு வரும்போது நான் எந்த வகுப்பில் இருப்பேன்?"